அம்மா முன்னால் நடந்தார்

தொண்ணூறுகளின் கடைசியில் அம்மாவும் சின்னத்தம்பியும் யாழ்ப்பாணத்திலிருந்து கடல் கடந்து, டோர்செட் பார்க்கில் இருந்த என் அப்பார்ட்மெண்டுக்கு வந்து சேர்ந்தார்கள். வந்த கொஞ்ச நாளிலேயே தம்பிக்கு ஒரு பேக்கரியில் வேலை கிடைத்தது. முதல் நாளே அம்மா சப்பாத்தைப் போட்டுக்கொண்டு, அவனுக்கு முன்னால் கதவடியில் நின்றார்.

ஊருக்குள் ராணுவம் வந்த பிறகு பழகிய பழக்கம் அது. ஆமியின் சென்றிக் காவலரணைத் தாண்டும்போது தாய் முன்னால், மகன் பின்னால். தனியே போகிற பெடியனை மறித்தால் கேட்க நாதியில்லை. தாய் கூட நின்று குழறி அழுதால் சிலவேளை விட்டுவிடுவார்கள். எனக்கு அடுத்தவன், பெரியதம்பி, தனியே போன ஒரு நாளில்தான் அவனைப் பிடித்துக்கொண்டு போனார்கள். பிறகு வரவேயில்லை. எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான்.

இங்கே என்ன சென்றி? அம்மா கேட்டால்தானே! ஸ்நோவுக்குள் அவனோடு பஸ் ஏறி, அவன் பேக்கரிக்குள் நுழைவதைப் பார்த்துவிட்டு அடுத்த பஸ்ஸில் திரும்பி வருவார். பின்னேரம் மறுபடியும் போவார். முழங்கால் வீங்கிவிடும். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். "உங்களுக்கென்ன விசரே அம்மா?" என்று கத்துவேன். பேக்கரிப் பெடியளும், "டேய், உன்ரை பொடிகார்ட் வந்திட்டா" என்று அவனை நக்கலடித்தார்கள்.

ஒரு காலை அவன் வெடித்தான். "அம்மா, இஞ்சை ஆமி இல்லை! என்னைத் தனிய விடுங்கோ."

அம்மா கோபிக்கவில்லை. சப்பாத்துக் கயிற்றைக் கட்டியபடியே சொன்னார். "கொண்ணனும், ஆமி பிடிச்ச அண்டைக்கு, உப்பிடித்தான் சொன்னவன். றோட்டிலை ஆமி இல்லையாம், தனியப் போறானாம். நானும் அவனை விட்டிட்டு டவுனுக்குப் போயிட்டன்."

"அண்டைக்கு ஏனம்மா டவுனுக்குப் போனனீங்கள்?" என்று கேட்டேன்.

அம்மா என் முகத்தைப் பார்க்கவில்லை. "கொம்யூனிகேசன் கடைக்கு உன்ரை போன் வாற நாளெல்லோ, பிள்ளை."

இத்தனை காலமும் இதை வாய் திறந்து சொல்லவில்லை, பாவி மனிசி. தம்பி அம்மாவின் கோட்டை எடுத்துக் கொடுத்தான். இருவரும் லிஃப்டுக்குப் போனார்கள், அம்மா முன்னால்.

எனக்கு அந்தப் போன் நல்ல நினைவு. வழமைக்கு மாறாக அன்றைக்கு லைன் தெளிவாக இருந்தது. இங்கத்தைக் குளிரைப் பற்றி நான் பகிடி பகிடியாகச் சொல்ல, அம்மா விழுந்து விழுந்து சிரித்தார். ஐயோ, எவ்வளவு நேரம் சிரித்தார்.