சாமி வெளிக்கிடாத நேரத்து மேளம்

அந்த ஒலிப்பதிவின் தொடக்கத்தில் என் குரல்தான் இருக்கிறது. "ஒருத்தரும் கதைக்கக் கூடாது!" என்று நான் போட்ட அதட்டல். இப்போது கேட்டாலும் வெட்கமாக இருக்கிறது, சிரிப்பும் வருகிறது.

நாடே கொண்டாடும் நாதஸ்வர வித்துவான் ஒருவரைப் பற்றி இருபது நிமிடப் படம் எடுத்தோம். ஒலிப்பதிவு என் வேலை. யாழ்ப்பாணத்துப் புத்தூர்ப் பக்கத்தில், சின்ன வயதில் அவர் வாசித்துப் பழகிய பிள்ளையார் கோயிலின் வெளிவீதி. பூசை இல்லாத மத்தியானம் இரண்டு மணி. துப்புரவான ஒலி வேண்டுமென்று விளையாடிக்கொண்டிருந்த பிள்ளைகளை விரட்டினேன், மோட்டார் சைக்கிள்களை மறித்தேன், காகத்துக்குக்கூடக் கல்லெறிந்தேன். அப்படியொரு வெறி எனக்கு.

பக்கத்தில் ஒருவர் தவில் அடிக்க, வித்துவான் மூன்று தரம் வாசித்தார். மூன்றும் சப்பென்றிருந்தன. சுருதி பிசகவில்லை, உயிர்தான் இல்லை. தேர் நிற்கும் தேர்முட்டிப் படியில் உட்கார்ந்து, நாதஸ்வரத்தை மடியில் கிடத்திவிட்டு இயக்குநரிடம் சொன்னார்: "தம்பி, என்னாலை ஏலாது. வயசு போயிட்டுது. இனி இதைத் தொடமாட்டன். நான் வாசிக்காமல் படத்தை எடுங்கோ." வாசிக்காத வித்துவானுக்கு என்ன படம்! இயக்குநரின் முகம் செத்துப்போயிற்று. "கடைசியா ஒருக்கா, ஐயா" என்று கெஞ்சினார்.

நான்காம் தரம் தவில் சற்று ஓங்கி விழுந்தது. அவ்வளவுதான். நேரங்கெட்ட நேரத்தில் கோயிலில் மேளம் கேட்டால் எங்கள் சனம் என்ன நினைக்கும்? சாமி வீதியுலா வெளிக்கிட்டுவிட்டார் என்றுதான். வெங்காயத் தோட்டத்திலிருந்து ஒருவர், கால் கழுவிய ஈரத்தோடு, சால்வையை இடுப்பில் கட்டிக்கொண்டே ஓடிவந்தார். பின்னால் அர்ச்சனைத் தட்டுகளோடு பெண்கள். "ஐயர் எங்கை? சாமி எந்த வீதியிலை வாறார்?" என்று ஓர் அம்மா என்னையே கேட்டார். எனக்கு வந்த கோபம்! "படம் எடுக்கிறம் அம்மா, தள்ளிப் போங்கோ" என்று சீறினேன்.

"பிள்ளை, அவையளை விடு" என்று என்னைத் தடுத்தார் வித்துவான். எழுந்து நின்று சனத்தைப் பார்த்தார். "நில்லுங்கோ. ஒருத்தரும் போகாதேங்கோ."

பிறகு வாசித்தாரே, அடேயப்பா! கன்னம் இரண்டும் உப்பியிருக்க, கண் முழுக்கச் சனத்தின்மேல். யாராவது தலையாட்டினால் அந்த இடத்தைத் திரும்பவும் வாசித்தார். அந்த அம்மா தட்டைக் கீழே வைத்துவிட்டுத் தாளம் போட்டார். நான் விரட்டிய பிள்ளைகளும் வந்து குந்திக்கொண்டார்கள். இருமல், வளையல் சத்தம், "ஓம், ஓம்" எல்லாம் பதிவில் விழுந்தன. நான் ஒன்றையும் தடுக்கவில்லை. சந்தோஷத்தில் அழுதுகொண்டு நின்றேன்.

போன மாதம் யாழ்ப்பாண நகரில் படத்தைக் காட்டினோம். முன்வரிசையில் அவர். அந்தக் காட்சி வந்ததும் கதிரையைத் திருப்பிப்போட்டு, திரைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். பதறிப்போய்க் காதுக்குள் சொன்னேன்: "ஐயா, படம் அங்காலை ஓடுது."

"என்னை எனக்குத் தெரியும்தானே, பிள்ளை. கேக்கிற சனத்தைப் பாக்க விடு."