மாட்டு நடையில் வந்த மாப்பிள்ளை

வியாபாரிகளின் மாடுகளைச் சந்தைக்கு ஓட்டிப்போவதுதான் அந்த அம்மாளின் பிழைப்பு. ‘நடைக்காரி’ என்றால் வழியெங்கும் தெரியும். அவள் மந்தை நாளொன்றுக்குப் பத்து மைல்தான் போகும். மேய்ந்தபடி போகும், இளைக்காமல் போய்ச் சேரும். வேகமாக ஓட்டச் சொல்கிற வியாபாரியிடம், “அப்ப எலும்பைத்தான் விப்பீங்க, சம்மதமா?” என்று ஒரே போடாகப் போடுவாள்.

ஒருநாள் பொழுது சாயும் நேரம், மந்தையை வழியோரக் கொட்டகையில் அடைத்துக்கொண்டிருந்தாள். சந்தை ஊருக்கு இன்னும் இரண்டு நாள் நடை. புழுதியைக் கிளப்பிக்கொண்டு ஒரு குதிரை வந்து நின்றது. மேலே யாரென்று பார்த்தால், அந்தச் சந்தை ஊரில் தையல்கடை வைத்திருக்கும் அவள் மாப்பிள்ளை!

“அத்தே, அவளுக்கு லேசா வலி கண்டிருக்கு. உங்களைத்தான் கேக்கறா. ஏறுங்க, இப்பவே போயிடலாம்.”

குதிரை வாயில் நுரை, கால்களில் வெடவெடப்பு. இரவல் குதிரை, இருபது மைலையும் ஒரே மூச்சில் விரட்டியிருக்கிறார் மனுஷர்!

“ஒரு நாளைக்கு நாப்பது மைல் போகும்னு சொன்னாங்களே அத்தே!”

“போகும் மாப்பிள்ளே, நடந்து, நின்னு, தண்ணி குடிச்சுப் போனா. இப்ப விரட்டினா நாமதான் அதைத் தூக்கிட்டுப் போகணும். விடியட்டும்.”

வாய்தான் அப்படிப் பேசியது. மகளுக்குத் தலைப்பிரசவம். போய்ச் சேருவதற்குள் ஏதாவது ஆகிவிட்டால்? இரவெல்லாம் குதிரையின் கால்களைத் தேய்த்துவிட்டாள்.

விடிந்ததும் குதிரை புல்லைக் கடித்தது. ஆனால் ஒரு ஆளைத்தான் தாங்கும். மாப்பிள்ளை கடிவாளத்தை அவள் கையில் கொடுத்தார்.

“அவ கூப்பிட்டது உங்களை. மாடுங்களை நான் ஓட்டிட்டு வர்றேன். குதிரை ஏறத் தெரியுமா அத்தே?”

“காளை மேலேயே ஏறியிருக்கேன். இது கொஞ்சம் உசரம், அவ்வளவுதான்!”

உச்சிவேளைக்குப் போய்ச் சேர்ந்தாள். மகள் பிடித்த பிடியில் அவள் வளையலே நெளிந்துபோயிற்று.

“அவர் எங்கேம்மா?”

“மாட்டு நடையில வந்துட்டிருக்காரு. நாளைக்குச் சாயங்காலம் பாரு.”

அந்த வலியிலும் மகளுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. அன்று மாலை பேத்தி பிறந்தாள்.

மறுநாள் இருட்டும் முன் தெருமுனையில் மந்தை தெரிந்தது. பின்னால் முழங்கால்வரை புழுதியோடு மாப்பிள்ளை. ஒரு மாடும் நொண்டவில்லை, ஒன்றுக்கும் வயிறு ஒட்டவில்லை. மனசு வீட்டில் கிடந்து தவித்தும், அந்தப் பிள்ளை ஒன்றைக்கூட விரட்டவில்லை. அவளுக்குக் கண் கலங்கிவிட்டது.

“அத்தே...” என்று வீட்டு வாசலையே பார்த்தார்.

அவர் கையிலிருந்த கோலை வாங்கிக்கொண்டாள்.

“ரெண்டு பேரும் நல்லா இருக்காங்க. பொண்ணு. இப்ப ஓடுங்க மாப்பிள்ளே, ஓடுங்க!”