வயதுக்கு விட்ட இடம்

போரின் இறுதி மாதங்களில் நாங்கள் இழந்த ஊரவர்களுக்கு, பதினாறு ஆண்டுகள் கழித்து, முல்லைத்தீவுக் கரையோரத்திலுள்ள எங்கள் தேவாலய வளவில் ஒரு நினைவுக்கல் வைப்பதென்று முடிவாயிற்று. பெயர்களைப் பிழையின்றி எழுதித் தரும் பொறுப்பு என்னிடம் வந்தது. முப்பது ஆண்டுகள் தமிழ் கற்பித்தவள் என்பதைத் தவிர எனக்கு வேறு தகுதி இல்லை. 'நீத்தார்' என்று தலைப்பிட்டேன். பெயருக்கு எதிரே அகவை. சொல் செறிவாக அமைந்ததில் எனக்குத் திருப்தி.

கல்லில் வெட்டுவதற்கு முன் எல்லோரும் பார்க்கட்டும் என்று பட்டியலைத் தேவாலயச் சுவரில் ஒட்டினோம். மறுநாள், கரையில் மீன் விற்கும் பெண்ணொருவர் கணவருடன் வந்தார். அவர்களுடைய மகன் அந்நாள்களில் படையினரால் பேருந்தில் ஏற்றிச் செல்லப்பட்டவன், திரும்பவில்லை.

"ரீச்சர், நீத்தார் எண்டா ஆர்?"

"இறந்தவர்கள்."

"அப்ப என்ர பிள்ளையின்ர பேரை எடுங்கோ. பத்தொன்பது எண்டு வேற போட்டிருக்கிறியள். அவனுக்கு இப்ப முப்பத்தைஞ்சு."

கணவர் குறுக்கிட்டார். "பேரை எடுத்தா, இப்பிடி ஒருத்தன் இருந்தவன் எண்டு ஆருக்குத் தெரியும்? கல்லிலயாவது கிடக்கட்டும்."

"உங்களுக்குக் கல்லுக் காணும். எனக்குக் காணாது."

கல் வெட்ட வந்திருந்தவர் என்னைப் பார்த்தார். "வருசா வருசம் கூடுற வயசெண்டா பென்சிலால எழுத வேணும், ரீச்சர். இது கருங்கல்லு."

முதலில் சிரித்தவர் அந்தத் தாய்தான். "அப்ப வயசுக்கு இடம் விடுங்கோ. வந்து அவனே சொல்லட்டும்."

தலைப்பை 'எம்மவர்' என்று மாற்றினேன். பெயர் நின்றது, அகவைக்குரிய இடம் வெறுமையாயிற்று. ஆனால், எறிகணையில் கணவரை இழந்த ஒருவர் திறப்பு நாளன்று என்னிடம் கேட்டார்: "செத்தவையைச் செத்தவை எண்டு கல்லில சொல்லக் கூடாதோ? ஆரோ கொன்றதுதானே?" அந்தத் தலைப்பில் கொலை என்பதே இல்லாமற் போனதை அப்போதுதான் உணர்ந்தேன்.

வெளியூரிலிருந்து வருவோர் ஒரு பெயருக்கு எதிரே வயது விடுபட்டிருப்பதாக என்னிடம் சுட்டிக்காட்டுவார்கள். பிழையில்லை என்பேன்.

அடுத்த ஆண்டு மே மாதம் மலர் வைக்கச் சென்றபோது, அந்த இடத்தில் சோக்குக் கட்டியால் 36 என்று எழுதியிருந்தது. கல்லின் அருகே தகப்பன், விரல்களை இடுப்புச் சாரத்தில் துடைத்துக்கொண்டு நின்றார். மனைவி உடன் வரவில்லை.

"ஆறு சரியா வந்திருக்கோ, ரீச்சர்?"

"சரி" என்றேன்.