தசரதன் கண் எழுதிய அம்மன்

பருத்திப்பட்டு தசரதனுக்கு ஒரு பிடிவாதம். சினிமாவுக்கு எத்தனை கோயில் கட்டினாலும் உள்ளே இருக்கும் சாமிக்குக் கண் எழுதமாட்டார். மூங்கிலும் கோணியும் பிளாஸ்டரும் வைத்துக் கட்டி, பத்தாம் நாள் இடித்துத் தள்ளுகிற கோயில். அதில் சாமியைக் கண் திறந்து உட்கார வைத்துவிட்டு அப்புறம் எப்படிக் கடப்பாரையை ஓங்குவது? பூந்தமல்லித் திருவிழாக்களுக்குப் பொம்மை செய்துகொண்டிருந்தவரைப் பட்டணத்து ஸ்டூடியோக்காரர்கள் கூட்டிப்போய் ஆறே வருஷத்தில் செட் மேஸ்திரி ஆக்கினார்கள். அரண்மனை, ஆகாயம், அல்லிக்குளம், கேட்டதெல்லாம் கட்டினார். படத்தில் அவர் பேர் மட்டும் வராது.

யுத்தம் வந்தது. பிலிமுக்குப் பஞ்சம், பாதி ஸ்டூடியோ பூட்டிக் கிடந்தது. அந்த நேரம் பார்த்து ஒரு மாரியம்மன் படம். அம்மன் முகத்தைக் கிட்டத்தில் எடுக்கவேண்டும், கண் வேண்டும் என்று டைரக்டர் ஒற்றைக்காலில் நின்றார். வயிறு என்று ஒன்று இருக்கிறதே, தசரதன் எழுதினார். எழுதின கண் அவரையே பார்த்தது.

அந்த வாரமே அவருடைய ஏழு வயது மகள் கன்னியம்மாவுக்கு அம்மை போட்டது. ஒரே பிள்ளை. முகம் கொள்ளாமல் முத்து. மனைவி நாகவல்லி வாசலில் வேப்பிலை செருகி, தாளிப்பதை நிறுத்தி, பாயருகே உட்கார்ந்துவிட்டாள். வெளியே தெரிந்தால் வேலைக்கு விடமாட்டார்கள் என்று தசரதன் வாயைத் திறக்காமல் ஆவடியில் ரயில் ஏறிப் போய்வந்தார்.

ஐந்தாம் நாள், படம் எடுத்து முடிந்த கோயில் செட்டுக்கு ஸ்டூடியோ மானேஜர் வந்தார். "இன்னா மேஸ்திரி, பாத்துகினு நிக்கிறே? நாளைக்கு இங்க அந்தப்புரம் நிக்கணும். இத்த இடிச்சுத் தள்ளு."

"அம்மன மட்டும் குடுத்துடு சார். எங்க ஊர் ஏரில உட்டுட்றேன்."

"அத்த ஏத்தினு போவ வண்டிக்கு எங்க போறது? முடியாதுன்னா சொல்லு, வேற ஆளு கீறான்."

தசரதன் ஆட்களை வெளியே அனுப்பினார். கண் எழுதிய கை தன்னுடையது, கூலிக்காரனுக்கு எதற்குப் பழி? சுண்ணாம்பு அடிக்கும் மட்டையை நனைத்து அம்மனின் இரண்டு கண்ணிலும் வெள்ளை பூசினார். "பாக்காதே தாயே. கண்ண மூடிக்கோ. எம் பொண்ண உட்டுடு" என்று அழுதுகொண்டே கடப்பாரையை ஓங்கினார்.

முத்து இறங்கியது. தலைக்குத் தண்ணீர் ஊற்றினார்கள். பிள்ளை பிழைத்துவிட்டாள் என்று நாகவல்லி கற்பூரம் ஏற்றினாள். உச்சி வெயில் நேரம் அது. "யம்மா, இருட்டா கீதே, வெளக்கு ஏத்தலியா?" என்றாள் கன்னியம்மா. இரண்டு கண்ணிலும் வெள்ளை படர்ந்திருந்தது.

அம்மையில் இது சகஜம் என்றார் வைத்தியர். தசரதனுக்கு அது காதிலேயே ஏறவில்லை. தான் செய்ததை நாகவல்லியிடம்கூட அவர் சொன்னதில்லை.

அப்புறமும் அதே ஸ்டூடியோவுக்குத்தான் போனார். சாயங்காலம் வந்ததும், "இன்னிக்கு இன்னா கட்னே நைனா?" என்பாள் கன்னியம்மா. தூணும் ஊஞ்சலும் மாடமும் அவள் உள்ளங்கையில் விரலால் வரைந்து காட்டுவார்.

ஒருநாள் கேட்டாள். "கோயில் கட்டுனா சாமிக்குக் கண்ணு வெப்பியா நைனா?"

"வெக்கமாட்டேன்."

"வெச்சுடு நைனா. பாவம், அதுக்கும் இருட்டாத்தானே இருக்கும்?"