எண்பத்து நான்கு பாகைக் கதவு

ஒரு பெருமழைக்குப் பிறகு, தோட்டத்து லயத்து வரிசையில் எங்கள் வீட்டின் கதவு நிலை ஓடைப் பக்கமாகச் சாய்ந்துவிட்டது. நிமிர்த்தலாம் என்றால் அப்பா விடமாட்டார். “நெலைய தொட்டா செவரும் கூடவே வந்துரும்” என்பார். கதவோ பழைய நேரான கதவு. மேலே ஒரு மூலை முட்டும். கீழே ஒரு மூலையில் பக்கத்து வீட்டுக் கோழி நுழையும். சாத்துவதற்கு இரண்டு பேர் வேண்டும்.

அம்மாவுக்கு ரொம்ப நாளாக ஒரே ஆசை: தாமரை செதுக்கி, வார்னிஷ் பூசிய ஒரு கதவு. தெஹியோவிட்ட டவுனுக்கு பஸ்ஸில் போகும்போதெல்லாம் ஊரார் வீட்டுக் கதவுகளைத்தான் பார்த்துக்கொண்டு வருவார். இந்தத் தீபாவளிக்குள் செய்துவிடுவது என்று முடிவானது. நான் பாடசாலையில் கணிதம் படிப்பிக்கிறவள். அளவெடுக்கும் வேலையை வேறு யாரிடமும் விட எனக்கு மனமில்லை.

“போட்டோ எடுத்து தச்சு வேல பாஸுக்கு அனுப்பிரு” என்றார் அப்பா.

“இது இணைகரம்ப்பா. ஒரு கோணம் தெரிஞ்சா நாலும் தெரிஞ்சிரும். போட்டோ எதுக்கு?”

வெளியே மழை. அதனால் வீட்டுக்குள் நின்றபடியே கீழ் இடது மூலையில் பாகைமானியை வைத்தேன். எண்பத்து நான்கு. எதிர்க்கோணங்கள் சமம், ஆகவே மேல் வலதும் எண்பத்து நான்கு. அடுத்துள்ள கோணங்கள் சேர்ந்தால் நூற்றெண்பது, ஆகவே மற்ற இரண்டும் தொண்ணூற்றாறு. நான்கையும் கூட்டி முந்நூற்று அறுபது வருகிறதா என்றும் பார்த்துக்கொண்டேன். பக்கங்களின் நீளத்தோடு டவுனில் இருக்கும் தச்சு பாஸுக்குப் போனில் சொன்னேன்.

“கீழ இடது பக்கம் எம்பத்திநாலு. ஹரி மிஸ்” என்றார் பாஸ். சிங்களத்தில் அவருக்குச் ‘சரி’ என்பது ‘ஹரி’தான்.

தீபாவளிக்கு முதல் நாள் கதவு வந்தது. லயமே கூடிவிட்டது. தாமரை அவ்வளவு அழகு. பாஸ் கதவைத் தூக்கி வாசலில் வைத்தார். நிலை ஓடைப் பக்கம் சாய்ந்திருக்க, கதவு அதற்கு நேரெதிரே கோவில் பக்கம் சாய்ந்து நின்றது.

எனக்குக் கோபம் தலைக்கேறியது. பாகைமானியைக் கொண்டுவந்து எல்லார் முன்னாலும் கதவை அளந்தேன். நான்கு கோணங்களும் நான் சொன்னபடியே இருந்தன. ஒரு பாகைகூடப் பிசகவில்லை. இன்றைக்கும் அதைச் சொல்வேன்.

பாஸ் வாசலுக்கு வெளியே நின்று, “இதுதானே மிஸ் இடது” என்று ஒரு மூலையைக் காட்டினார். நான் உள்ளே நின்று, “இதுதான் இடது” என்று மற்ற மூலையைக் காட்டினேன். கூடியிருந்தவர்கள் எங்கள் இரண்டு கைகளையும் மாறி மாறிப் பார்த்தார்கள்.

“ஒரு போட்டோ எடுத்திருந்தா...” என்று தொடங்கிய அப்பா, என் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார்.

“திருப்பிப் போட்டா ஹரி” என்றார் பாஸ். திருப்பினார். கச்சிதமாகப் பொருந்தியது. ஆனால் தாமரை வீட்டுக்குள் போய்விட்டது. வெளியில் தெரிந்தது வெறும் பலகையும் குறுக்குச் சட்டங்களும்தான்.

அம்மா உள்ளே போனார். நிலை சாய்ந்திருந்ததால் கதவு அவருக்குப் பின்னால் தானாகவே சாத்திக்கொண்டது. ஊரார் பார்க்க வேண்டும் என்று அம்மா ஆசைப்பட்ட கதவை நான் இப்படி ஆக்கிவிட்டேனே என்று எனக்கு அழுகை முட்டியது. மெல்லத் திறந்துகொண்டு உள்ளே போனேன்.

அம்மா நாற்காலியைக் கதவுக்கு நேராக இழுத்துப் போட்டு உட்கார்ந்திருந்தார்.

“வெளியில இருந்தா போறவங்க வாறவங்கதான் பாத்திருப்பாங்க” என்றார். “இப்ப நான் பாக்குறேன். கொஞ்சம் தள்ளி நில்லு, மறைக்குது.”