பெரிய கட்டம்

என் தங்கை நான்கு எருமைகள் வைத்துப் பால் சங்கத்துக்கு ஊற்றுகிறவள். தன் பாலே ஆனாலும் நுரை அடங்கும்வரை அளக்க விடமாட்டாள். அப்படிப்பட்டவள் சங்கத் தலைவர் பதவிக்கு நின்றாள்.

வாக்குச்சீட்டை அச்சடித்தது பழைய தலைவரின் ஆட்கள். பட்டங்களோடு அவர் பெயரைப் போட்டு, அவர் கட்டத்தை மட்டும் இரண்டு விரல் உயரத்துக்கு விட்டிருந்தார்கள். தங்கையின் கட்டம் அரை விரல். குத்தக் கொடுத்ததோ பால் கேன் மூடிக்கு வைக்கும் பெரிய முத்திரை. அவளுக்குக் குத்தியதெல்லாம் அடுத்த கட்டத்தையும் தொட்டதால் செல்லாது என்று தள்ளினார்கள்.

வழக்குப் போட்டாள். "பார்த்துக் குத்தாதது உறுப்பினர் தப்பு" என்று தலைவரின் வக்கீல் கூசாமல் வாதாடினார். நீதிபதி, எல்லாருக்கும் ஒரே அளவு கட்டம் போட்டு மறுதேர்தல் நடத்தச் சொன்னார்.

நடத்தினார்கள். சீட்டை ஓட்டுப் போடும்போதுதான் கண்ணில் காட்டினார்கள். எல்லாக் கட்டமும் அரை விரல். முத்திரை அதே முத்திரை. ஒரு ஓட்டும் செல்லவில்லை. புதியவர் வரும்வரை பழையவரே தலைவராம்.

"கோர்ட்டு சொன்னபடிதானேம்மா செஞ்சோம்?" என்று இளித்தார் அவர்.

"அடுத்த தடவை உங்க வாயளவுக்குக் கட்டம் போடுங்க. எந்த முத்திரையும் அடங்கும்" என்றாள் தங்கை.

வெளியே வந்ததும் என்னிடம் சொன்னாள்: "அண்ணே, நாளைக்குக் கறவையை நீ பாத்துக்கோ. புது மனுவுல முத்திரை அளவையும் சேத்து எழுதச் சொல்லி நம்ம வக்கீலைப் பாத்துட்டு வர்றேன்."