கஜேந்திரன் அப்பாவாகப் பார்த்த கதை

றக்வான டவுனில் முச்சக்கர வண்டி ஓட்டும் கஜேந்திரனுக்கு முப்பத்தெட்டு வயதில் கல்யாணமானது. தலைமுடி அதற்கு முன்பே போய்விட்டிருந்தது. மனைவி விஜயகலா தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து எடுப்பவள். அவளுடைய முதல் புருஷன் கொழும்புக்குப் போய் அங்கேயே வேறு குடும்பமாகிவிட்டான். அவன் விட்டுப்போன மகள் டிலுக்சிக்குப் பதின்மூன்று வயது.

அவளோடு எப்படிப் பழகுவது என்பதைக் கஜேந்திரன் படங்களைப் பார்த்துத்தான் படித்தான். பழைய படங்களால் பிரயோசனமில்லை. அவற்றில் சித்தி சூடு வைப்பாள், இரண்டாம் அப்பன் குடித்துவிட்டு வருவான். புதுப் படங்கள்தான் நம்பிக்கை தந்தன. இப்போதெல்லாம் இரண்டாம் அப்பா தாடியும் பொறுமையுமாக வருகிறார். பிள்ளை இடைவேளை வரை முறைக்கிறது, மாடிக்கு ஓடிக் கதவை அறைந்து சாத்துகிறது. பிறகு ஒரு பாட்டு, அதில் ஒரு நாய்க்குட்டி. பாட்டு முடிவதற்குள் "அப்பா" என்று கட்டிக்கொள்கிறது.

அவர்கள் குடியிருந்த தோட்டத்து லயத்தின் வரிசை வீடுகளில் மாடி கிடையாது. டிலுக்சி படுக்கும் காம்பராவுக்குக் கதவும் கிடையாது, ஒரு பழைய சீலைதான் தொங்கியது. கோபத்தில் அதை எவ்வளவு இழுத்து மூடினாலும் சத்தம் வராது. அதனால் வாயாலேயே "டமார்" என்று சொல்லிவிட்டு மூடுவாள்.

கஜேந்திரன் நாய்க்குட்டியைக் கொண்டுவந்தான். சவாரி போன இடத்தில் சும்மா கொடுத்தார்கள். குட்டி என்று சொன்னார்களே தவிர, பல்லெல்லாம் முழுசாக வளர்ந்திருந்தது. டிலுக்சியின் மடியில் வைக்கப் போனவனின் கையை அது கவ்விப் பிடித்துவிட்டது.

விஜயகலா மலையில் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தாள். கடிபட்ட கையால் வண்டி ஓட்ட முடியாது. ஊசி என்றாலோ அவன் ஆஸ்பத்திரிப் பக்கமே தனியாகப் போகமாட்டான். டிலுக்சிதான் பஸ்ஸில் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனாள்.

"ஊசி பெருசா இருக்குமா?" என்று வளைவுக்கு வளைவு கேட்டான்.

"வயித்துல போடுவாங்களாம்," என்றாள் ஒவ்வொரு தடவையும்.

இவர் உனக்கு யார் என்று நர்ஸ் சிங்களத்தில் கேட்டார். டிலுக்சி கொஞ்சம் யோசித்தாள்.

"தாத்தா."

சிங்களத்தில் அதற்கு அப்பா என்று அர்த்தம். கஜேந்திரனுக்குக் கண் கலங்கியது. ஊசிக்குப் பயப்படுகிறான் என்று நினைத்த நர்ஸ் ஆறுதலாகத் தோளில் தட்டினார். ஊசி போட்டதே அவனுக்குத் தெரியவில்லை.

வெளியே வந்ததும் கேட்டான்: "தாத்தான்னு சொன்னியே, சிங்களத்துலயா, தமிழ்லயா?"

அவள் அவனுடைய தலையை நிதானமாகப் பார்த்தாள். "உங்களுக்கு ரெண்டும் பொருந்துது."

படமாக இருந்தால் இங்கே கட்டிப்பிடித்திருப்பார்கள். இவர்கள் வடை வாங்கித் தின்றார்கள்.

அன்றிலிருந்து அவள் அவனை அப்படியே கூப்பிட்டாள். பக்கத்துக் காம்பரா ஆட்களும் அதையே பிடித்துக்கொண்டார்கள். விஜயகலாவுக்குத்தான் ஆத்திரம் தாங்கவில்லை.

"இவரு தாத்தான்னா நான் யாருடி, பாட்டியா?" என்று ஒருநாள் சாப்பிடும்போது கேட்டாள்.

"விடு கலா," என்றான் கஜேந்திரன். "புள்ள சிங்களத்துலதான் கூப்பிடுது."

"அப்பிடின்னு யாரு சொன்னா?" என்றாள் டிலுக்சி, அவன் தட்டிலிருந்த கருவாட்டை எடுத்துக்கொண்டு.